பட்டைக் கோடு

கல்யாணமாகி விமானப்படைக் குடியிருப்புக்கு வந்த புதிதில் என் வீட்டுக்காரர் எனக்கு நடத்திய ஒரே பாடம் தோள்பட்டைக் கோடுகள்தான். அவர் எஞ்சின் பழுது பார்க்கும் கார்ப்பரல். "அதிகாரிங்க தோள்ல கோட்டை எண்ணு. கூடக் கூடப் பெரிய ஆளு. நாலு கோடுன்னா இந்தத் தளத்துக்கே தலை" என்றார். நாலோடு நிறுத்திவிட்டார். அதற்கு மேல் யார் இங்கே எட்டிப் பார்க்கப் போகிறார்கள் என்ற நினைப்பு.

அந்த நாலு கோட்டு சார்தான் இவருடைய லீவு மனுவை ஊறப் போட்டிருந்தார். எனக்கு எட்டாம் மாதம். முதல் பிரசவத்தின்போது இவர் வேறு தளத்தில் இருந்தார். ஆஸ்பத்திரிக்குத் தனியாகப் போனேன், வெறுங்கையோடு தனியாகவே திரும்பினேன். இந்த முறையும் தனியாகப் போக எனக்குத் தெம்பில்லை.

அன்று தளத்து மருந்தகத்தில் மாத்திரைக்காகக் காத்திருந்தேன். மதிய நேரம், வேறு ஆளில்லை. நரைத்த தலையோடு ஒரு அதிகாரி வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். தலைவலியாம். தோளைப் பார்த்தேன். ஒரே கோடு. கொஞ்சம் பட்டையாக இருந்தது; தையல்காரர் தாராள மனசுக்காரர் போலிருக்கிறது. அடப் பாவமே, இந்த வயசிலும் ஒன்றுதானா?

மனசு கேட்கவில்லை. "அண்ணா, தப்பா நினைக்காதீங்க. மேல இருக்கறவங்க உங்களையும் அமுக்கி வச்சிருக்காங்களா?"

அவர் கொஞ்சம் யோசித்தார். "அப்படித்தான் வச்சுக்கோங்களேன். உங்களை யாரும்மா அமுக்குறது?"

கேட்க ஆள் கிடைத்தால் விடுவேனா? வெறுங்கையோடு திரும்பியதுவரை கொட்டித் தீர்த்துவிட்டேன். அவர் குறுக்கே பேசவே இல்லை. "உங்ககிட்டச் சொல்லி என்ன ஆகப்போகுது, நீங்களே வாயில்லாப் பூச்சி" என்றும் சேர்த்துச் சொன்னேன்.

என்னைக் கூட்டிப்போக வந்த வீட்டுக்காரர் வாசலிலேயே விறைத்து நின்று சல்யூட் அடித்தார். முகத்தில் ஈயாடவில்லை.

வழியில்தான் சொன்னார். "நாலுக்கு மேல போனா மறுபடி ஒண்ணுல இருந்து ஆரம்பிக்கும். அது பட்டைக் கோடு. அவர் ஏர் கமடோர், தளத்தைப் பார்வையிட வந்திருக்காரு. நம்ம சாரே அவருக்கு சல்யூட் அடிக்கணும்."

"முதல்லயே சொல்றதுக்கு என்ன?"

"நானே இன்னைக்குத்தான் கிட்டத்துல பார்க்கிறேன்."

இவர் வேலைக்கே உலை வைத்துவிட்டேன் என்று தோன்றியது. இரண்டு பேருக்கும் சோறு இறங்கவில்லை. மறுநாள் நாலு கோட்டு சார் இவரைக் கூப்பிட்டனுப்பினார். திரும்பி வரும்வரை நான் வாசலுக்கும் அடுப்படிக்குமாக நடந்தேன். வந்தவர் பூட்ஸைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தார்.

"லீவு குடுத்துட்டாரு. ரெண்டு மாசம்."

"திட்டலையா?"

"இல்ல. முதல் தடவை இப்படி ஆச்சுன்னு ஏன்யா எங்கிட்டச் சொல்லலைன்னு கேட்டாரு." தலையைக் குனிந்துகொண்டார். "வீட்டு வேலைன்னு மட்டும்தான் கேட்டிருந்தேன். அதைச் சொல்ல வாய் வரலை."

இத்தனை நாளும் அந்தக் குழந்தைக்காக நான் ஒருத்திதான் அழுகிறேன் என்று நினைத்திருந்தேன். அன்று இரண்டு பேரும் சேர்ந்து அழுதோம். அழுது முடித்தபோது, அப்பாடா என்றிருந்தது.