சத்தம் வரக் கூடாது

பொழுது வெளுப்பதற்கு முன்பே பால் ட்ரேக்களை இறக்க ஆரம்பித்துவிடுவோம். குளிர் வண்டியிலிருந்து வரும் பாக்கெட்டைத் தொட்ட கொஞ்ச நேரத்திலேயே விரல்கள் மரத்துப்போகும். ட்ரேவுக்கு ஒரு பாக்கெட்டாவது ஓட்டையாக இருக்கும். அந்தப் பால் முழங்கை வழியாக வழிந்து சட்டைக்குள் போய்விடும். பகல் முழுக்க என்மேல் புளித்த வாடை அடிக்கிறதென்று என் மகள் மூக்கைப் பொத்திக்கொள்வாள். அவளுக்கென்ன, மகாராணி.

முன்பெல்லாம் எங்களுக்குக் குரல் இருந்தது. வாசலில் நின்று "பால்!" என்று கூப்பிடுவோம். உள்ளே தாழ்ப்பாள் சத்தம் கேட்டதும் அடுத்த வீடு. ஏணி அண்ணன் கூப்பிட்டால் மூன்றாவது தெருவில் தூங்குகிறவன்கூடப் பாத்திரத்தோடு எழுந்து வருவான். ஆள் நெட்டை, அதனால் ஏணி. புதுக் கம்பெனி வந்தது, ஆப் வந்தது. கதவில் மாட்டிய பையில் பாக்கெட்டைப் போட வேண்டும், போட்டோ எடுக்க வேண்டும், போய்விட வேண்டும். ஒரு கதவுக்கு நாற்பது நொடி. மணி அடிக்கக் கூடாது, கூப்பிடக் கூடாது. தூக்கம் கெட்டதென்று ஒரே ஒரு புகார் வந்தால் ஐடி லாக். மறுநாள் டெப்போ கேட்டே திறக்காது. இப்படி வாயைக் கட்டிப்போட எவனுக்குத் தோன்றியதோ, அவன் நாசமாய்ப் போக.

நேற்று காலை, நான்காவது பிளாக்கில் நான் இரண்டாம் மாடியில் இருந்தேன், ஏணி அண்ணன் ஐந்தாம் மாடியில். எங்களுக்கு லிஃப்ட் கிடையாது. தலைக்கு மேலே ட்ரே உருளும் சத்தம், அதன் பின்னாலேயே ஏதோ கனமாக விழும் சத்தம். நின்றேன். போனில் நொடிகள் ஓடிக்கொண்டிருந்தன. ட்ரே நழுவியிருக்கும், அவரே பொறுக்கிக்கொள்வார் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு இறங்கிவிட்டேன். கனமாக விழுந்தது ட்ரே இல்லையென்று எனக்குத் தெரியும். தெரிந்துதான் இறங்கினேன்.

தொடை எலும்பு முறிந்து அந்த மனிதர் முக்கால் மணி நேரம் படியில் கிடந்திருக்கிறார். தெருவையே எழுப்பிய தொண்டை. கூப்பிடவில்லை. சட்டைக் காலரைக் கடித்துக்கொண்டு கிடந்திருக்கிறார். குப்பை எடுக்க வந்தவர் பார்த்துவிட்டு, "ஏன்யா, ஒரு குரல் குடுக்கக் கூடாதா?" என்று கேட்டதற்கு, "சத்தம் வந்தா புகார் வரும்" என்றாராம்.

இன்று காலை டெப்போவில் சூப்பர்வைசர் என்னைக் கூப்பிட்டான். என் வயதில் பாதி. குரலில் சர்க்கரை.

"அக்கா, ஒரு சின்ன விஷயம். அந்த நேரத்துல அந்த பிளாக்ல உங்க ஐடி மட்டும்தான் காட்டுது. சத்தம் எதுவும் கேக்கலைன்னு சொல்லிடுங்க, பதிஞ்சுக்கிறேன்."

"எதுக்கு?"

"பத்து நிமிஷம் போட்டோ வரலைன்னா ஆப் ஆளை வெளிய தள்ளிடும்ல? அப்படித் தள்ளினதுக்கு அப்புறம்தான் அவர் விழுந்தார்னு எழுதணும். வேலையில இல்லாத ஆளுக்குக் கம்பெனி எப்படி ஆஸ்பத்திரி பார்க்கும்?"

"கேட்டுதுன்னு சொன்னா?"

"கேட்டும் போகாம வந்தது நீங்கதானே? அப்புறம் உங்க ஐடியை நான் எப்படிக்கா காப்பாத்துறது?"

என் ஒருத்தி ஐடியில்தான் எங்கள் வீட்டு அடுப்பு எரிகிறது. 'கேக்கலை' என்ற சொல் நாக்கு நுனிக்கே வந்துவிட்டது, மறைப்பானேன். ட்ரே அடுக்கிக்கொண்டிருந்தவர்கள் அப்படியே நின்றிருந்தார்கள். எல்லார் முகத்திலும் என் பயம்தான் இருந்தது.

"கேட்டுது" என்றேன். "ரெண்டாம் மாடியில போட்டோ எடுத்துட்டிருக்கும்போதே கேட்டுது. அப்போ அவர் வேலையிலதான் இருந்தார். நான்தான் பயந்துக்கிட்டுப் போகலை."

"அக்கா, யோசிச்சுப் பேசுங்க."

"எனக்கும் கேட்டுது சார்."

திரும்பினால் தூங்குமூஞ்சி. ட்ரேமேல் சாய்ந்தே குறட்டை விடுகிற ஆள்.

"உனக்கா? உன் ரூட் ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம்டா! நாலு மைல்!"

"ஆமா சார். அங்க வரைக்கும் கேட்டுது."

"எனக்கும்" என்றாள் குளிர் வண்டிக்குப் பக்கத்தில் நின்றவள். "எனக்கும்." "எனக்கும்தான்." இருபத்து மூன்று பேருக்கும் கேட்டிருந்தது.

"எல்லார் ஐடியையும் லாக் பண்ணச் சொல்லிடுவேன்!"

"சொல்லுங்க சார். பால் கெட்டுடும், அதுக்குள்ள போட்டுட்டு வந்துடுறோம்" என்றான் தூங்குமூஞ்சி. "ஆனா இன்னிக்குக் கூப்பிட்டுத்தான் போடுவோம். அண்ணன் எப்படி விழுந்தார்னு வாசல் வாசலா சொல்லிட்டு வருவோம்."

நான்காவது பிளாக் படியில் நேற்றைய பால் வெள்ளையாகக் காய்ந்து கிடந்தது. தன் ரூட்டைப் பிறகு பார்த்துக்கொள்வதாகச் சொல்லி, ஏணி அண்ணனின் ஐந்தாம் மாடிக்குத் தூங்குமூஞ்சி ஏறிப்போனான். நான் முதல் கதவின் முன் நின்றேன். நாற்பது நொடி தாண்டிவிட்டதென்று போன் சிவப்பாக மின்னியது. நாளைக்கு கேட் திறக்குமா, தெரியாது. அண்ணனின் கால் சரியாகுமா, அதுவும் தெரியாது. தொண்டையைச் செருமிக்கொண்டேன்.

"பால்!"

உடைந்த குரல்தான். மேலேயிருந்து தூங்குமூஞ்சி "பா...ல்!" என்றான். எதிர் பிளாக்கிலிருந்து இன்னொரு குரல். தெருமுனையிலிருந்து இன்னொன்று.

உள்ளே யாரோ நடந்து வரும் சத்தம் கேட்டது. நொடிகள் ஓடின. இந்த முறை நான் நகரவில்லை.