நிலாவில் ஒரு டீ கிளாஸ்

அந்தப் பழைய நிலாப் படத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் இயக்குநர் தரையிலிருந்து இரண்டடி மேலே போய்விடுவார். கறுப்பு வெள்ளைப் படம். ராக்கெட் தகரத்தில் செய்தது, ஆணிகூடத் தெரியும். அதில் யாரோ ஒரு செட் தொழிலாளி மறந்து வைத்த டீ கிளாஸ் ஒன்று நிலாப் பாறை மேல் பதினொரு நொடி நிற்கும். பேச்சு அங்கே வந்துவிட்டால் இயக்குநர் மின்விசிறியைத் தொடுவார். அதனால் அந்த வீட்டில் எவ்வளவு புழுங்கினாலும் விசிறி போடுவதில்லை. அவரை இறக்குவது மனைவிக்குக் கைவந்த கலை. “உங்க படம் எப்படி வந்திருக்கு?” என்று கேட்பாள். என்னமோ குறைகிறதே என்று நினைத்த மாத்திரத்தில் மனிதர் பொத்தென்று விழுவார்.

அவர் படமும் விண்வெளிப் படம்தான், ஏழு வருட உழைப்பு. செவ்வாய் கிரகத்துக்குத் தரை போட்டுக் கொடுத்தவர் டைல்ஸ் கடை வைத்திருந்த மச்சான், அதாவது மனைவியின் அண்ணன். கூடவே நிபந்தனையும் போட்டார்: படம் பார்க்கிறவர்களில் ஒருவராவது நாற்காலியை விட்டு அந்தரத்தில் எழும்பாவிட்டால், இயக்குநர் சினிமாவுக்கு முழுக்குப் போட்டுவிட்டுக் கடையில் வந்து உட்கார வேண்டும். முதல் காட்சியில் நாற்பது பேரும் பிடித்து வைத்த பிள்ளையார் மாதிரி உட்கார்ந்திருந்தார்கள். இயக்குநர் கழிப்பறையில் போய் அழுதார். படத்தில் பிழை என்பது மருந்துக்கும் இல்லை, எல்லாவற்றையும் அவரே வெட்டி எறிந்திருந்தார். மச்சான் இன்னும் ஒரே ஒரு காட்சிக்கு அவகாசம் கொடுத்தார்.

மனைவிதான் சொன்னாள்: “செவ்வாய் செட்டுல நான் டம்ளரை மறந்து வச்சேன்னு ஒரு வாரம் எங்கிட்ட பேசாம இருந்தீங்கல்ல, அந்த ஷாட்டைத் திரும்பச் சேருங்க.”

ரோஷத்தை விழுங்கிக்கொண்டு சேர்த்தார். மறுநாள் செவ்வாய் கிரகத்தில் எவர்சில்வர் டம்ளர் பளபளத்ததும், மூன்றாவது வரிசையிலிருந்து மச்சானே எழும்பினார், நூறு கிலோ உடம்போடு, பாப்கார்ன் ஒன்றுகூடச் சிந்தாமல். முதுகு கூரையில் இடித்ததும், எப்படி இறங்குவது என்று கேட்டார். படத்தில் ஏதாவது குறை சொன்னால் இறங்கிவிடலாம் என்றாள் தங்கை. ஊரில் ஒருத்தரையும் குறை சொல்லாமல் விட்டதில்லை அவர். ரொம்ப நேரம் யோசித்தார்.

“எல்லாமே நல்லாத்தாம்மா இருக்கு,” என்றார், அழாத குறையாக.

இது நடந்து நான்கு வருடம் ஆகிறது. மச்சான் கடையை மேலேயிருந்தே கவனித்துக்கொள்கிறார், உயரத் தட்டு டைல்ஸை எடுக்க ஏணி தேவைப்படுவதில்லை. மனைவி இப்போதும் அந்தக் கேள்வியைக் கேட்கிறாள். இயக்குநர் விழுவதில்லை. சாப்பாட்டுத் தட்டை பீரோ மேல் வைத்துவிட்டு அவள் தன் வேலையைப் பார்க்கப் போய்விடுகிறாள்.