விளம்பரம் இல்லாத மதியம்

“விளம்பரம் வரக் கூடாது. ஆனா கேம் அழியக் கூடாது. அவ்வளவுதாங்க,” என்றான் அறிவுச்செல்வன்.

பெரம்பலூர் பழைய பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே இருந்த அந்த மொபைல் கடையில் காலை பத்து மணிக்கே கூட்டம். கடைக்காரர் ராஜா ஒரு கையில் யாருடைய போனுக்கோ ஸ்க்ரீன் கார்டு ஒட்டிக்கொண்டே மறு கையை நீட்டினார். அறிவுச்செல்வன் பூவிழியின் போனைக் கொடுத்தான். கொடுத்த பிறகும் அவன் விரல்கள் கொஞ்ச நேரம் அதை விடவில்லை.

“விடுங்க தம்பி, தின்னுட மாட்டேன்.” ராஜா திரையைத் தேய்த்தார். “என்ன கேமு?”

“பழம் அடுக்குறது. மூணு ஒரே பழம் சேர்ந்தா மறையும்.”

“அட, இதையா? எங்கூட்டுல சோறு வடிக்கிறப்பகூட இதுதான். ஒருநாள் கஞ்சியோட சோத்தையும் சேத்துக் கொட்டிட்டா.” பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். ராஜா நெட்டை ஆன் செய்து விளையாட்டைத் திறந்தார். திறந்த உடனே அது வந்தது. இளஞ்சிவப்புத் திரை, ஒரு பாட்டு, நாப்கின் கட்டிய குழந்தை ஒன்று. ஒரு பெண்குரல் கொஞ்சியது: “ரெண்டு மாசம் ஆயிடுச்சா? உங்க செல்லம் இப்போ முகம் பார்த்துச் சிரிக்கும்!”

“ஓ, வூட்ல புது வரவா?” என்றார் ராஜா. “பொண்ணா, பையனா?”

அறிவுச்செல்வன் எட்டிப் போனைக் கவிழ்த்து வைத்தான். பாட்டு மேசைக்கு அடியிலிருந்து வருவதுபோலக் கேட்டது.

“இதுதாங்க வரக் கூடாது,” என்றான்.

கர்ப்பமாக இருந்தபோது பூவிழி ஏதோ ஒரு ஆப்பில் பிரசவத் தேதியைப் போட்டு வைத்திருந்தாள். அவள் செத்து நூற்றுப் பதினெட்டு நாள் ஆகிறது. ஏழாவது மாதம், வலிப்பு. வயிற்றில் இருந்ததும் போயிற்று. அந்தச் செய்தி விளம்பரக்காரர்களுக்கு எட்டவில்லை. அவர்கள் தேதி பார்த்துப் பிரசவம் முடித்து, பிள்ளைக்கு மாதம் ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

ராஜா அவன் முகத்தைப் பார்த்தார். அதற்கு மேல் பையனா பெண்ணா என்று கேட்கவில்லை. குரலைத் தாழ்த்தி, “ரொம்ப சுலபமான வழி ஒண்ணு இருக்கு தம்பி. ஏரோப்ளேன் மோட போட்டுட்டு வெளையாடுங்க. ஒரு விளம்பரம் எட்டிப் பாக்காது,” என்றார்.

அறிவுச்செல்வன் வேண்டாம் என்று தலையசைத்தான்.

அந்த வழியை அவனுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. பூவிழிக்கே அவன்தான் சொல்லித்தந்தான். அரியலூர் பக்கம் சுண்ணாம்புக்கல் லாரிகள் ஏறி இறங்கும் எடைமேடையில் அவனுக்கு வேலை. பி.எஸ்சி. வேதியியல் படித்துவிட்டு லாரியின் எடையைச் சீட்டில் அடித்துக் கொடுத்துக்கொண்டிருந்தான். லாரிக்கும் லாரிக்கும் நடுவே அவனும் இதே பழங்களைத்தான் அடுக்குவான். விளையாட்டின் நடுவில் விளம்பரம் வந்துவிட்டால் முப்பது நொடிக்கு மூட முடியாது. அதற்குள் மேடையில் ஏறிய லாரிக்காரன் ஹாரனை அழுத்திப் பிடித்துக்கொண்டு, “சீட்டு குடுங்க சார், அங்க என்ன சினிமாவா ஓடுது?” என்பான். அதனால் கண்டுபிடித்த உபாயம். விமானத்தின் படத்தைத் தொட்டால் நெட்டும் போகும், விளம்பரமும் போகும்.

“அப்ப யாராச்சும் கூப்புட்டா என்னங்க பண்றது?” என்று பூவிழி கேட்டாள்.

“அஞ்சு நிமிசந்தானே? செத்தா போயிடுவாங்க?”

அவளுக்கு இப்படிப் பதில் சொன்னதை அவன் இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

அந்தச் செவ்வாய்க்கிழமை காலை தா.பழூர் பக்கத்திலுள்ள அவர்கள் ஊரில் நர்ஸ் வினோதினி அவளுக்குப் பிரஷர் பார்த்தார். கொஞ்சம் ஏறியிருந்தது. சிறுநீரைச் சோதனைக்கு அனுப்பினார். மதியம் முடிவு வந்தபோது நர்ஸ் தா.பழூரில் ஒரு கூட்டத்தில் இருந்தார். உடனே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகச் சொல்ல இரண்டு மணியிலிருந்து மூன்றரை வரை போன் அடித்திருக்கிறார். அழைப்பு போகவில்லை. ஐந்தரைக்கு ஸ்கூட்டியில் வந்து பார்த்தபோது பூவிழி அடுப்படியில் கிடந்தாள். பக்கத்து வீட்டு ராசாத்தி அக்கா அப்புறம்தான் அவனைக் கூப்பிட்டாள். ஆஸ்பத்திரி வராந்தாவில் நர்ஸ் அழுதுகொண்டே சொன்ன ஒரே வாக்கியம் அவனுக்குள் அப்படியே தங்கிவிட்டது. “பூவிழி போனுக்கு நாலு தடவ அடிச்சேங்க, சுவிட்ச் ஆஃப்னே வந்துச்சு.”

அவள் பழம் அடுக்கிக்கொண்டு இருந்திருக்கிறாள். அவன் சொன்னபடி விமானத்தைத் தொட்டுவிட்டு. நூற்றுப் பதினெட்டு நாளும் அவன் தன் பதிலையும் நர்ஸின் வாக்கியத்தையும்தான் தின்று தூங்கினான்.

சந்தேகத்துக்கு ஒரே ஒரு இடம் இருந்தது. விளையாட்டில் உயிர் தீர்ந்துபோனால் ஒரு விளம்பரத்தை முழுதாகப் பார்க்க வேண்டும், ஓர் உயிர் தருவார்கள். எந்தத் தேதி, எத்தனை மணிக்குத் தந்தார்கள் என்ற பட்டியல் உள்ளே இருக்கும். அன்று மதியம் அவள் விளம்பரம் பார்த்து உயிர் வாங்கியிருந்தால் போன் வேலை செய்தது என்று பொருள். வாங்கவில்லை என்றால் அவனேதான் காரணம். பட்டியல் நூற்றிருபது நாளைக்குத்தான் இருக்கும் என்று உதவிப் பக்கத்தில் போட்டிருந்தது. நெட் இருந்தால்தான் திறக்கும். நெட்டைப் போட்டாலோ அந்தக் குழந்தை வந்து நிற்கும். பத்துத் தடவை முயன்று பத்துத் தடவையும் அணைத்துவிட்டான். இன்னும் இரண்டு நாள்.

“நெட்டு இருக்கணுங்க. விளம்பரம் மட்டும் வரக் கூடாது,” என்றான்.

ராஜா மறுபேச்சு பேசாமல் செட்டிங்ஸுக்குள் போய் ஏதோ ஒரு முகவரியைத் தட்டினார். “இது ஒரு கேட் மாதிரி. விளம்பரத்த வாசல்லயே நிறுத்திடும்.” விளையாட்டைத் திறந்தார். குழந்தை வரவில்லை. பழங்கள் வந்தன. அவள் விட்டிருந்த இருநூற்றுப் பத்தொன்பதாவது கட்டம். அறிவுச்செல்வன் பட்டியலைத் தொட்டான். ஒரு வட்டம் சுற்றியது. சுற்றிக்கொண்டே இருந்தது.

ராஜா உதட்டைப் பிதுக்கினார். “விளம்பரம் வர்ற வழியிலதான் இந்தப் பட்டியலும் வருது போலருக்கு. கேட்ட சாத்துனா ரெண்டும் வராது.”

“வேற வழி?”

“கேட்ட தொறந்துட்டு, ஒரு விளம்பரத்த முழுசாப் பாத்துடுங்க. முப்பது நொடி தம்பி. பல்லக் கடிச்சிட்டுப் பாத்துடுங்க.”

கடையின் மூலையில் பழைய கவர்கள் அடுக்கியிருந்த இடத்துக்கு அவனை அனுப்பி, ஒரு ஸ்டூலையும் போட்டார். அறிவுச்செல்வன் சுவரைப் பார்த்து உட்கார்ந்தான். குழந்தை வந்தது. அவன் பார்த்தான். குழந்தை காலை உதைத்தது, கையை வாயில் வைத்தது, யாரோ ஒருத்தியின் முகத்தைப் பார்த்துச் சிரித்தது. மேல் மூலையில் எண் குறைந்துகொண்டு வந்தது. பதினேழு. ஒன்பது. மூன்று. அவன் கண்ணை மூடவில்லை. மூடினால் கணக்கில் சேராமல் போய்விடுமோ என்று பயந்தான்.

பட்டியல் திறந்தது.

அந்தச் செவ்வாய்க்கிழமையைத் தேடி விரல் கீழே போயிற்று. மதியம் 1.48, ஓர் உயிர். 2.10, ஓர் உயிர். 2.31. 2.57. 3.20. கடைசியாக 3.41.

ஐந்து தடவை பார்த்தான். தேதியைத் தன் போனில் இருந்த நாட்காட்டியோடு ஒப்பிட்டான். அதே செவ்வாய். அவள் விமானத்தைத் தொடவே இல்லை. அவன் சொன்னதற்குச் சரி என்று தலையாட்டிவிட்டு, ஒவ்வொரு விளம்பரமாக உட்கார்ந்து பார்த்திருக்கிறாள்.

அவன் வாயிலிருந்து ஒரு சத்தம் வந்தது. சிரிப்புத்தான். நான்கு மாதமாக வராததால் அவனுக்கே அது யாருடையதோ போல இருந்தது. “அண்ணே, போன் ஆன்லதான் இருந்திருக்கு,” என்றான் ராஜாவிடம். ராஜாவுக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனாலும், “நல்லதாப் போச்சு தம்பி,” என்றார். காசு வாங்கவில்லை.

அப்படியானால் நர்ஸ் அடித்த போன் ஏன் போகவில்லை? நர்ஸைப் பார்த்துக் கேட்டாக வேண்டும் என்று தோன்றியது. கேட்பதைவிடச் சொல்ல வேண்டும் என்றுதான் அதிகம் தோன்றியது. அவர் மாற்றல் வாங்கிக்கொண்டு பாடாலூர் பக்கம் வந்துவிட்டதாக ராசாத்தி அக்கா சொல்லியிருந்தாள். திருச்சி பஸ்ஸில் ஏறினான். சிறுவாச்சூரில் கோயிலுக்குப் போகும் கூட்டம் இறங்கியதும் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. வெகுநாள் கழித்துப் பசித்தது.

துணை சுகாதார நிலையத்தின் வாசலில் நாலைந்து கர்ப்பிணிகள் அட்டையோடு உட்கார்ந்திருந்தார்கள். வினோதினி அவனை உடனே அடையாளம் கண்டுகொண்டார். கையிலிருந்த பிரஷர் கருவி மேசையில் இறங்கியது.

“வாங்க தம்பி,” என்றார். “உக்காருங்க.”

“நர்சம்மா, அன்னிக்கு அவ போன் வேல செஞ்சிருக்குங்க. இங்க பாருங்க.” நின்றபடியே போனை நீட்டினான். பட்டியலைக் காட்டினான். மணிகளை ஒவ்வொன்றாகப் படித்தான். “நெட்டு இருந்திருக்கு. டவர் இருந்திருக்கு. நான் சொல்லிக் குடுத்ததால இல்லீங்க. அது காரணமே இல்ல.”

அவர் பட்டியலைப் பார்த்தார். பிறகு அவனைப் பார்த்தார். “அப்ப நான் பொய் சொன்னேங்கிறீங்களா?”

“அய்யோ, இல்லீங்க.”

“நாலு தடவ அடிச்சேன் தம்பி. கூட்டத்துலேர்ந்து எந்திரிச்சு வெளில வந்து வெளில வந்து அடிச்சேன். அதுக்கப்புறமும் நேராப் போகாம இன்னொரு ஊருக்குத் தடுப்பூசி போடப் போனேன் பாருங்க, அதத்தான் என்னால…” முந்தானையால் மூக்கைத் துடைத்தார். “அந்த ஊர்ல இருக்க முடியலன்னுதான் மாத்தல் கேட்டு வந்தேன்.”

“இப்ப ஒரு தடவ அடிச்சுப் பாருங்க,” என்றான் அறிவுச்செல்வன். “சிம்மு இன்னும் உயிரோடதான் இருக்கு. நான் மாசாமாசம் ரீசார்ஜ் பண்றேன். போகும் பாருங்க.”

ஏன் அப்படிச் சொன்னான் என்று அவனுக்கே தெரியாது. அது ஒலிப்பதை அவரோடு சேர்ந்து கேட்டுவிட வேண்டும்போல இருந்தது.

வினோதினி தன் போனில் பெயரைத் தேடினார். ‘பூவிழி, தா.பழூர்.’ அழிக்காமல் வைத்திருந்தார். தொட்டார்.

அறிவுச்செல்வன் பூவிழியின் போனை உள்ளங்கையில் விரித்து வைத்துக்கொண்டு காத்திருந்தான்.

அது ஒலிக்கவில்லை. அவன் சட்டைப்பையில் இருந்தது ஒலித்தது.

இருவரும் அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு நின்றார்கள். வாசலில் இருந்த ஒருத்தி, “அண்ணே, ஒங்க போனு அடிக்குது,” என்றாள்.

அவனுக்கு அந்த நாள் நினைவு வந்தது. மூன்றாவது மாதம். நர்ஸ் கர்ப்பிணி அட்டை போட்டுக் கொடுத்த நாள். போன் நம்பர் என்று நர்ஸ் கேட்டபோது பூவிழி வாய் திறக்கும் முன்னால் அவன் தன் எண்ணைச் சொன்னான். “எதுவா இருந்தாலும் எனக்கே அடிங்க நர்சம்மா, இவளுக்கு ஒண்ணும் தெரியாது.” அவள் அவனை முழங்கையால் இடித்தாள். அந்த ஊரில் எல்லா அட்டையிலும் புருஷன் நம்பர்தான்.

வினோதினி அழைப்பை நிறுத்தினார். “இது ஒங்க நம்பரா? இத்தன நாளும் நான் அவளோடதுன்னு…” நிறுத்திவிட்டு, அவசரமாகச் சொன்னார், “அன்னிக்கு நீங்க இருந்த எடத்துல டவர் இல்லாம இருந்திருக்கும் தம்பி. சுண்ணாம்புக் குழிப் பக்கம் டவரே கெடைக்காதும்பாங்க. யாரு மேலயும் தப்பு இல்ல.”

அவன் தப்பித்துக்கொள்ள அவர் ஒரு கதவைத் திறந்து வைத்திருந்தார். ஆமாங்க, டவர் இல்லை என்று சொன்னால் போதும்.

அந்தச் செவ்வாய்க்கிழமை மதியம் எடைமேடையில் லாரிகள் குறைவு. அவன் முந்நூற்று நாற்பதாவது கட்டத்தில் இருந்தான். மணிக்கணக்காக ஒரு விளம்பரம்கூடக் குறுக்கே வரவில்லை. நாலு மணிக்கு டீ வந்தபோதுதான் விமானத்தை அணைத்தான்.

இப்போது சட்டைப்பையிலிருந்து தன் போனை எடுத்தான். குறுஞ்செய்தியில் வரும் விளம்பரத் தொல்லைக்கும் அவன் ஒரு வழி செய்து வைத்திருந்தான். அவையெல்லாம் கண்ணில் படாமல் தனியே ஒரு குப்பைப் பெட்டிக்குப் போய்விடும். அதை ஒருநாளும் திறந்ததில்லை. இப்போது திறந்து பின்னால் போனான். நூறு, இருநூறு, முந்நூறு. பட்டுச்சேலைத் தள்ளுபடி ஒன்றுக்கும் தனிநபர் கடன் ஒன்றுக்கும் நடுவில் அது இருந்தது. செவ்வாய்க்கிழமை, மாலை 4.02. நீங்கள் தொடர்பில் இல்லாதபோது இந்த எண்ணிலிருந்து 4 அழைப்புகள். கீழே, காலர் டியூன் வைத்துக்கொள்ளுங்கள் என்று ஒரு விளம்பரம். அதனால்தான் குப்பைக்குப் போயிருக்கிறது.

வினோதினி சொன்ன டவரையும் அவர் மூக்கைத் துடைத்ததையும் அவன் நினைத்தான்.

“டவர் இருந்துச்சுங்க,” என்றான். “நான் கேம் வெளையாடிட்டிருந்தேன். விளம்பரம் வரக் கூடாதுன்னு ஏரோப்ளேன் மோடுல போட்டிருந்தேன். நீங்க சரியாத்தான் அடிச்சீங்க.”

போனை அவர் கையில் கொடுத்தான். அவர் படித்தார். ஒருதரம் படித்துவிட்டு மறுபடியும் முதலிலிருந்து படித்தார். திருப்பிக் கொடுத்தபோது அவன் முகத்தைப் பார்க்கவில்லை.

“சாப்ட்டீங்களா?” என்று கேட்டார்.

“இல்லீங்க.”

அவன் இரண்டு போன்களையும் எடுத்துக்கொண்டு வெளியே வந்தான். வாசலில் குனிந்து ஒரு செருப்பை மாட்டினான். படியிலேயே உட்கார்ந்தான்.

உள்ளே அடுத்தவளைக் கூப்பிடும் சத்தம் கேட்டது. அட்டை புரளும் சத்தம்.

“இந்த நம்பரு யாருது?”

“அவரோடதுங்க.”

“அவரு எங்க இருக்காரு?”

“சிமெண்ட் லாரி ஓட்றாருங்க.”

“ஒன் நம்பரச் சொல்லு.”

“எனக்கு என் நம்பரு சரியாத் தெரியாதுங்களே.”

“போன எடுத்துப் பாத்துச் சொல்லு. நான் எழுதாம அனுப்ப மாட்டேன்.”

அவள் சொல்ல ஆரம்பித்தாள். ஆறாவது எண்ணில் தடுமாறி, மறுபடியும் முதலிலிருந்து சொன்னாள். பத்து எண்ணும் சொல்லி முடியும்வரை அறிவுச்செல்வன் அசையவில்லை.