கியூமர்ஸின் தொண்டை

ஒலிப்பதிவு அறையில் ஹெஷ்மத் செருப்பைக் கழற்றிவிட்டு ஐந்தாவது முறையாகச் செத்துக்கொண்டிருந்தார். திரையில் கத்திக்குத்து வாங்கிச் சரிந்தது நடிகர் கியூமர்ஸ். முனகியது ஹெஷ்மத். அந்த முனகலுக்குத் தெஹ்ரானில் பாதிப் பெண்கள் அழுதார்கள், மீதிப் பேர் மயங்கியே விழுந்தார்கள்.

"பிரமாதம் ஹெஷ்மத் அண்ணே!" கியூமர்ஸ் உள்ளே வந்தார். ஆறடி, கதவுதான் குனிந்திருக்க வேண்டும். "அடுத்த படம் என் சொந்தத் தயாரிப்பு. குரல் நீங்கதான்."

"அட, என் குரல் என்ன பெரிய குரல் முதலாளி? சொந்தக் குரல் இருக்கறப்ப நான் எதுக்கு?"

இதற்கு கியூமர்ஸ் "ஐயோ, அப்படிச் சொல்லாதீங்க" என்று கெஞ்ச வேண்டும். இவர் மறுக்க, அவர் மறுபடி கெஞ்ச வேண்டும். ஈரானில் பால்குடிக் குழந்தைக்கும் தெரிந்த உபசார முறை.

"அப்படியா சொல்றீங்க?" கியூமர்ஸ் யோசித்தார். "சரி, நானே பேசிடறேன்."

அவர் போனதும் ஒலிப்பதிவாளர் வாஸ்கென் தலையில் அடித்துக்கொண்டார். "உன் வாயில மண்ணு! எதுக்குய்யா உபசாரம் பண்ணின?"

"அந்த ஆளுக்கு உபசாரம் புரியாதா?"

"நடிகனுக்குப் புரியும். தயாரிப்பாளருக்குப் புரியாது."

சொன்னதைத் திரும்ப வாங்க ஹெஷ்மத்துக்குக் கூச்சம். வேறு கம்பெனிகளில் ஏறி இறங்கினார். "நீ யாருக்குப் பேசினாலும் கியூமர்ஸ் பேசற மாதிரி இருக்குய்யா" என்று தேநீர் கொடுத்து அனுப்பினார்கள். வீட்டில் கம்பளம் போய் வெறுந்தரை வந்தது.

படம் வெளியான அன்று சினிமாக் கொட்டகைகள் நிறைந்த லாலேஸார் தெருவுக்குப் போய் டிக்கெட் வாங்கினார். பன்னிரண்டு வருடம் தான் குடியிருந்த தொண்டையில் அசல் சரக்கு என்னதான் இருக்கிறது என்று பார்க்க ஆசை.

கியூமர்ஸ் வாயைத் திறந்தார். எண்ணெய் காணாத கீல் ஒன்று காதலைச் சொன்னது.

"டேய், எங்க கியூமர்ஸ் குரலை என்னடா பண்ணீங்க?" சூரியகாந்தி விதைத் தொலி திரைமேல் மழையாகப் பொழிந்தது. முன்வரிசைக்காரன் எழுந்து நின்று கூவினான்.

ஹெஷ்மத் அவன் முதுகைத் தொட்டார். "உட்காருங்க தம்பி, மறைக்குது."

எல்லாத் தலைகளும் அந்தக் குரல் வந்த பக்கம் திரும்பின.

"கியூமர்ஸ்! கியூமர்ஸ் இங்கேதான் இருக்காரு!"

தீக்குச்சிகள் உரசின. வெளிச்சம் முகம் முகமாகத் தேடி வந்து ஹெஷ்மத்தின் வழுக்கைமேல் ஒரு கணம் நின்று, தாண்டிப் போனது. பின்வரிசையில் தோல் கோட்டு போட்ட உயரமான ஒருவனை நாலு பேர் கட்டிப்பிடித்து முத்தமிட்டுக்கொண்டிருந்தார்கள்.