கேட்காமல் எழுதிய பதில்மனு

பசுவந்தனையிலிருந்து முதல் பஸ்ஸில் வந்த தங்கமாரி, கோவில்பட்டி கோர்ட்டில் கூண்டேறி நின்றாள். புருசன் செத்தபின் அவள் ஒற்றையாளாக உளுந்தும் பாசியும் விதைத்துவரும் இரண்டு ஏக்கர் கரிசல், இன்னும் பாகம் பிரிக்காத பொதுச்சொத்தாம். பாதி வேண்டும் என்று கொழுந்தன் முத்துமணி வழக்குப் போட்டிருந்தான். அவளுக்கு அந்த நிலத்தை விட்டால் வேறு பிழைப்பு கிடையாது.

பின்பெஞ்சில் தம்பி சாமித்துரை சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டு உட்கார்ந்திருந்தான். வக்கீலைப் பிடித்தது, விவரம் சொன்னது எல்லாம் அவன்தான். புதியம்புத்தூரில் தையல் கம்பெனி வைத்திருக்கிறவன். தனக்குத் தெரியாதது ஒன்றுமில்லை என்று ஒரு நினைப்பு.

எதிர்த்தரப்பு வக்கீல் கேட்டார்: "இது உங்க மாமனார் சொத்துதானேம்மா?"

"ஆமாய்யா. அவிய இருக்கும்போதே, பன்னண்டு வருசத்துக்கு முன்னாடி பாகம் பிரிச்சாச்சு. தெக்க கொழுந்தனுக்கு, வடக்க இந்த ரெண்டு ஏக்கரு எங்களுக்கு. எல்லைக் கல்லு ஊனுன வெயிலுமுத்து அண்ணாச்சி வெளிய நிக்காவ, கேட்டுப் பாருங்க."

சாமித்துரை காலரிலிருந்து கையை எடுத்தான்.

வக்கீல் வழக்குக் கட்டைப் புரட்டினார். "நீங்க போட்ட பதில்மனுவுல, உங்க வீட்டுக்காரர் சொந்தமா வாங்கின நிலம்னுல்ல இருக்கு? பாகம் பிரிச்சதா ஒரு வரிகூட இல்லையே?"

நீதிபதி நிமிர்ந்தார். "மனுவுல சொல்லாத விஷயத்துக்கு எத்தனை சாட்சி வந்தாலும் நான் எடுத்துக்க முடியாதும்மா."

தங்கமாரி திரும்பித் தம்பியைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான்.

பதில்மனு எழுதிய அன்றைக்கே அவர்களுடைய வக்கீல் ஆனந்தி, "பாகப்பிரிவினை ஏதும் நடந்துச்சா? உங்க அக்காவைக் கூட்டிட்டு வாங்க" என்று கேட்கத்தான் செய்தார். "பொம்பளைக்கு என்ன தெரியும்? நான் சொல்லுதேன், எழுதுங்க" என்று இவன் அடித்துப் பேசிவிட்டான். மாமனார் சொத்து என்று ஒத்துக்கொண்டால் தோற்றுவிடுவோமாம்! கையெழுத்து மட்டுமே போடத் தெரிந்த அக்காளுக்கு வாசித்துக்கூடக் காட்டவில்லை, பெரிய மேதாவி.

வராந்தாவில் அக்காள் பிடித்துக்கொண்டாள். "ஏலே தொரை, அந்த வெயில்ல நின்னு பாடுபட்டது நான். எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டியாலே?"

ஊர்க்காரர்கள் பார்த்துக்கொண்டு நின்றார்கள். அவனுக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது.

"மனுவைத் திருத்த அனுமதி கேட்டுப் பாப்போம்" என்றார் ஆனந்தி. "விசாரணை தொடங்கின பிறகு லேசுல விட மாட்டாங்க. முதல்லயே ஏன் சொல்லலைன்னு காரணம் காட்டணும்."

"எம் பேரப் போட்டே எழுதுங்க மேடம். அக்காகிட்ட கேக்காம நான்தான் மறைச்சேன், பொய் சொன்னேன். கூண்டுல ஏறியும் சொல்லுதேன்."

சாயங்காலம் திருத்த மனு தயாரானது. பழக்கதோஷத்தில் சாமித்துரை பேனாவை நீட்டினான். தங்கமாரி வாங்கவில்லை.

"மொதல்ல வாசி. உள்ளத உள்ளபடி அன்னைக்கே எழுதியிருந்தா, இன்னைக்கு எஞ்சாட்சி செல்லுபடியாயிருக்கும். இனிமே பாடுபட்டவளக் கேக்காம அவ வழக்க எவனும் எழுதக் கூடாதுலே."

சாமித்துரை ஓர் எழுத்து விடாமல் வாசித்தான்.