மீதிப் பாட்டு

காலை ஆறு பத்துக்கு வண்டி முதல் தெருவுக்குள் திரும்பும். திரும்பியதும் பாட்டு தொடங்கும். கதவுகள் திறக்கும். தூக்கக் கலக்கத்தோடு ஆட்கள் வாளியும் பையுமாக வெளியே வருவார்கள். ஸ்பீக்கரில் வருவது பியானோ. ஒரு சின்ன மெட்டு, கொஞ்ச தூரம் போவதும் திரும்பி வருவதுமாக இருக்கும். முடிகிற இடத்தில் 'டிக்' என்று ஒரு சத்தம். மறுபடி முதலிலிருந்து. பதினோரு வருஷமாக அந்தக் குப்பை வண்டியை ஓட்டுகிற அம்மாவின் காதில் அது பாட்டாக விழுவது எப்போதோ நின்றுவிட்டது. இன்ஜின் சத்தத்தோடு அதுவும் ஒரு சத்தம்.

ஊரில் அதற்குப் பெயர் குப்பைப் பாட்டு. எங்கே கேட்டாலும் பிள்ளைகள் மூக்கைப் பொத்திக்கொள்ளும். அம்மாவின் மகளுக்குப் பள்ளிக்கூடத்தில் 'டிக்' என்றே பெயர். மகள் இதை வீட்டில் சொன்னதில்லை. ஒருநாள் பள்ளிக்கூட வாசலில் யாரோ அப்படிக் கூப்பிட, அவள் இயல்பாகத் திரும்பிப் பார்த்ததை அம்மா பார்த்துவிட்டாள்.

அதனால்தான் பள்ளி விழாவில் மகள் பியானோவில் வாசிக்கப் போவது அதே பாட்டு என்று தெரிந்த அன்று அம்மாவுக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

“வேற பாட்டே கிடைக்கலையாடி உனக்கு?”

“டீச்சர் வேற ஒண்ணுதான் குடுத்தாங்க. நான்தான் இதைக் கேட்டு வாங்கினேன்.”

“ஊரே சிரிக்கும்.”

“சிரிக்கட்டும்.”

“உனக்கென்ன, வாசிச்சிட்டு உள்ள ஓடிடுவ. நடுவுல உக்காந்திருக்கப் போறது நான்.”

மகள் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு மேஜையில் வாசிக்கத் தொடங்கினாள். வீட்டில் பியானோ கிடையாது. பழகுவதெல்லாம் பள்ளிக்கூடத்தில். வீட்டில் மரத்தில் விரல் படுகிற சத்தம் மட்டும்தான். அம்மா அந்த விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சத்தம் இல்லாவிட்டாலும் 'டிக்' எங்கே வரும் என்று அவளுக்குத் தெரியும். அந்த இடம் வந்தது. விரல்கள் நிற்கவில்லை, திரும்பவும் இல்லை. மேஜையின் ஓரம் வரை ஓடின.

“இது என்ன, உன் சொந்தச் சரக்கா?”

“வந்து கேளு.”

மறுநாள் அம்மா சீருடையைக்கூட மாற்றாமல் இசை டீச்சரைப் பார்க்கப் போனாள். பாட்டை மாற்றச் சொல்லிக் கெஞ்சத்தான். அறைச் சுவரில் சுருட்டை முடி வைத்த பழைய காலத்து வெள்ளைக்காரர்கள் வரிசையாகத் தொங்கினார்கள். ஒருவர் முகத்திலும் சிரிப்பில்லை. சம்பளம் நிறுத்திவைத்த முகங்கள். டீச்சர் அதில் ஒருவரைக் காட்டினார்.

“இவர் போட்டதும்மா அது. ஐரோப்பாவுல எத்தனையோ ராஜாக்கள் இருந்தாங்க, போனாங்க. இவர் செத்து இருநூறு வருஷமாச்சு, இன்னும் நிக்கறார். உங்க வண்டியையும் தாண்டி நிப்பார், பயப்படாதீங்க.”

அம்மாவுக்குச் சுருக்கென்றது. வண்டியில் ஏறியதும், பின்னால் குப்பை அள்ளிப் போடுகிற மீசையிடம் கொட்டித் தீர்த்தாள். மீசை நிதானமாகக் கையுறையை உதறினான்.

“செத்து இருநூறு வருஷமாகியும் மனுஷன் தினம் ஆறு பத்துக்கு டாண்ணு வேலைக்கு வர்றாருக்கா. நம்ம சூப்பர்வைசர் உயிரோட இருந்தே வர்றதில்ல.”

விழா அன்று அரங்கு நிறைந்திருந்தது. மீசை அவளுக்குத் துணையாக வந்து, சட்டைப் பொத்தானைக் கழுத்து வரை போட்டுக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்தான். மகள் மேடையேறினாள். பியானோ முன்னால் இன்னும் சின்னவளாகத் தெரிந்தாள். முதல் சில சுரங்கள்தான் வந்திருக்கும், ஒரு குழந்தை மூக்கைப் பொத்தியது. யாரோ கிக்கென்று சிரித்தார்கள். மூன்றாம் தெருவில் பேக்கரி வைத்திருப்பவர் பின்னாலிருந்து உரக்கச் சொன்னார்.

“எல்லாரும் வாளியை எடுத்துட்டு வாங்கப்பா.”

அரங்கே சிரித்தது. மீசை எழப் பார்த்தான். அம்மா அவன் முழங்கையைப் பிடித்து உட்கார வைத்தாள். மேடையில் மகளின் கழுத்து சிவந்துபோனது. கை மட்டும் நிற்கவில்லை. அம்மா கண்ணை மூடிக்கொண்டாள். இதோ, 'டிக்' வரப் போகிறது. பழக்கத்தில் அவள் வலது கால் பிரேக்கைத் தேடித் தரையை அழுத்தியது.

'டிக்' வரவில்லை.

தெரு முடிந்துவிட்டது என்று நினைத்த இடத்தில் ஒரு வளைவு. அதற்கு அப்பால் அவள் வண்டி ஒருநாளும் போகாத ஊர். மெட்டு மலர்ந்து கொஞ்சம் சிரித்தது, துள்ளலாக ஓடியது. பிறகு மகளின் இடது கை ஒரே கட்டையைத் திரும்பத் திரும்பத் தட்டத் தொடங்க, அதன் மேல் ஏதோ பாரமானது தூக்கி நிறுத்தப்படுவதுபோல் எழுந்து வந்தது. அம்மா கண்ணைத் திறந்தாள். சிரிப்பு எந்த இடத்தில் நின்றது என்று யாரும் கவனித்திருக்கவில்லை. மூக்கைப் பொத்திய குழந்தை வாயைத் திறந்துகொண்டிருந்தது. உச்சியிலிருந்து விரல்கள் சரசரவென்று இறங்கி வந்து, பழைய மெட்டையே மறுபடி தொட்டன. அதே ஆறு பத்து மெட்டு. ஆனால் எங்கெங்கோ போய்விட்டு வந்திருந்தது. இப்போது அதைக் கேட்டு யாரும் சிரிக்கவில்லை.

'ஏன்யா, பதினோரு வருஷம் கூடவே வந்தியே, ஒரு வார்த்தை சொன்னியா?' அம்மா மனதுக்குள் அந்தச் சுருட்டை முடிக்காரரைக் கேட்டாள்.

கைதட்டல் கூரையில் மோதியது. பின்வரிசைப் பிள்ளைகள் பெஞ்சில் ஏறிக்கொண்டு, “டிக், டிக், டிக்” என்று தாளம் போட்டார்கள். மகள் அந்தப் பெயருக்குத் தலை குனிந்து வணங்கினாள், பட்டம் வாங்கியவளைப் போல. பேக்கரிக்காரர் எழுந்து நின்று தட்டிக்கொண்டிருந்தார். மீசை விசிலடித்துவிட்டு, தப்போ என்று சுற்றிலும் பார்த்தான்.

“அடி, இன்னொண்ணு அடி,” என்றாள் அம்மா அவனிடம்.

மறுநாள் ஆறு பத்துக்கு வண்டி திரும்பியது. பாட்டு தொடங்கியது. பதினோரு வருஷத்தில் முதல்முறையாக அம்மா ஜன்னல் கண்ணாடியை முழுக்க இறக்கிவிட்டு ஓட்டினாள். மூன்றாம் தெருவில் பேக்கரிக்காரர் வாளியைக் கொட்டினார். கொட்டியும் உள்ளே போகவில்லை. எதிர் வீட்டுப் பெண்ணும் காலிப் பையோடு படியிலேயே நின்றாள். எல்லோரும் ஸ்பீக்கரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். 'டிக்' என்றது. மெட்டு மறுபடி முதலிலிருந்து தொடங்கியது.

பேக்கரிக்காரர் ஜன்னலோரம் வந்து, வாளியை மார்போடு அணைத்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தார்.

“ஏம்மா, மீதிய எப்பப் போடுவீங்க?”