ஆறு முதல் ஏழு வரை

விசாரணைக் குழுவினர் மூன்று பேரும் டெல்லியில் இருந்தார்கள். ராக்கையா போடியில், தன் வீட்டுக் கூடத்தில், மகளின் லேப்டாப்புக்கு முன்னால் சலவை வேட்டியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். அவர் தமிழில் சொல்வதைத் திரையில் ஒரு பெண் ஆங்கிலத்தில் மாற்றிச் சொன்னாள்.

"அன்னைக்கு எம் மக வீட்லதான் இருந்தா. இல்லைன்னு நான்தான் பொய் சொன்னேன். அது அவளுக்குத் தெரியாது."

இதைச் சொல்ல அவருக்கு ஏழு மாதம் பிடித்தது. நடுவில் இருந்தவர் என்னவோ கேட்டார். அந்தப் பெண் சற்றுத் தயங்கினாள்.

"ஐயா, அன்னைக்குச் சொன்னது பொய்ங்கிறீங்க. இன்னைக்குச் சொல்றதை எப்படி நம்புறதுன்னு கேக்குறார்."

ராக்கையாவுக்குக் கோபம் வரவில்லை. வந்திருக்க வேண்டும் என்று மட்டும் தோன்றியது. குரங்கணிக்கு மேலே அவருக்கு இருக்கும் ஏலத்தோட்டத்துக் காயை, "ரெண்டாம் பறிப்பு, நல்ல காய்" என்று அவர் சொல்லிவிட்டால், வியாபாரிகள் சாக்கைப் பிரித்துப் பார்க்காமல் எடுப்பார்கள். வரப்புத் தகராறுக்கு அவர் சொல்வதோடு பேச்சு முடியும். அறுபத்தாறு வயதில் முதல் தடவையாக ஒருவர் அவரிடம் சாட்சி கேட்டார்.

குடும்பத்தில் இல்லாத ஒருவர், அன்று மகள் அருணாவை வீட்டில் பார்த்ததாக எழுதித் தர வேண்டும். பத்து நாள் அவகாசம். திரை அணைந்தது. பக்கத்தில் இருந்த அருணா லேப்டாப்பை மூடி எடுத்துக்கொண்டு போனாள்.

அவள் ஓட ஆரம்பித்தது எட்டாம் வகுப்பில். பள்ளியில் பி.டி. டீச்சராக இருந்த சுந்தரம்மாள்தான் வீட்டுக்கு வந்து கேட்டார். "ஓடட்டும். ஆனா முழுக்கால் பேன்ட்டு போட்டுத்தான் ஓடணும்" என்றார் ராக்கையா. முழுக்கால் பேன்ட்டோடு மாவட்டத்தில் ஜெயித்தாள். மாநிலப் போட்டியில் அரைக்கால் டவுசர் போட்டாள். ராக்கையா தடுக்கவில்லை, பார்க்கவும் போகவில்லை. இருபத்திரண்டாம் வயதில் சென்னையில் இருநூறு மீட்டரில் பதினெட்டு வருஷ மாநிலச் சாதனையை ஒரு நொடியில் நூறில் ஏழு பங்கு நேரத்தால் உடைத்தபோது மட்டும் போயிருந்தார். பக்கத்தில் இருந்தவர் "யாரு பொண்ணுங்க அது?" என்று கேட்டார். "போடி ராக்கையா மக" என்று சொன்னார். அடுத்த வருஷம் தன் சாதனையைத் தானே உடைத்தாள். ரயில்வேயில் வேலை கிடைத்தது. ஆசியப் போட்டிக்கான முகாமுக்குப் பெயர் வந்தது.

அந்த அளவுக்கு வந்துவிட்டால் ஒரு கட்டுப்பாடு உண்டு. தினமும் ஒரு மணி நேரம் எங்கே இருப்போம் என்று முன்கூட்டியே போனில் பதிந்து வைக்க வேண்டும். ஊக்கமருந்து சோதிப்பவர்கள் சொல்லாமல் வருவார்கள். ஒரு வருஷத்துக்குள் மூன்று முறை ஆள் இல்லையென்றால், மருந்து எடுத்தாலும் எடுக்காவிட்டாலும் இரண்டு வருஷம் தடை. அருணா ஏற்கெனவே இரண்டு முறை தவறியிருந்தாள். ஒருமுறை மழையில் பாதை சரிந்து தோட்டத்திலேயே மாட்டிக்கொண்டாள், ஒருமுறை ரயில் தாமதம். இதையெல்லாம் அவள் அப்பாவிடம் சொல்லியிருந்தாள். அவரும் "சரி ஆத்தா" என்றிருந்தார்.

மூன்றாவது முறை அவர்கள் வந்தது, தேவாரம் ஊர் முத்துக்கண்ணன் வீட்டார் தங்கள் மகனுக்காக அருணாவுக்குப் பூ வைக்க வந்த அன்று. சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் நல்ல நேரம். எப்படியும் வீட்டில்தானே இருப்போம் என்று, ஆறு முதல் ஏழு வரை வீடு என்றே அருணா பதிந்திருந்தாள். உள்ளறையில் அவளுக்குச் சடை பின்னிக்கொண்டிருந்தார்கள். 'கல்யாணப் பொண்ணு கையில போன் எதுக்கு' என்று அவள் அம்மா மாயக்காள் அதை வாங்கி பீரோவில் வைத்திருந்தாள்.

வாசல் கேட்டில் ஒரு பெண்ணும் ஓர் ஆளும் பையோடு நின்றார்கள்.

"அருணா இருக்காங்களா சார்? யூரின் எடுக்கணும். நான் கூடவே நின்னு பாக்கணும்."

பின்னால் வராந்தாவில் மாப்பிள்ளையின் தாய்மாமன் காப்பி குடித்துக்கொண்டிருந்தார்.

"மெதுவாப் பேசுங்கம்மா."

"இருக்காங்களா இல்லையா, அதை மட்டும் சொல்லுங்க சார்."

"இல்லை. மதுரைக்குப் போயிருக்கா."

அவர்கள் எதிரே காரில் ஏழு மணி வரை உட்கார்ந்திருந்தார்கள். ராக்கையா காருக்குக் காப்பி அனுப்பினார். வேண்டாம் என்றுவிட்டார்கள். "யாரு சம்பந்தி அது?" என்று கேட்ட முத்துக்கண்ணனிடம், "வாக்காளர் லிஸ்ட்டு சரிபாக்க வந்தவங்க" என்றார். அவர் வீட்டு கேட்டில் வந்து நின்றவர்களெல்லாம் நாளைக்கு வா என்றால் நாளைக்கு வந்தவர்கள். இவர்களும் வருவார்கள் என்று இருந்துவிட்டார்.

கடிதம்தான் வந்தது. சோதிக்க வந்தவர்களின் அறிக்கையை அருணா அவர் எதிரிலேயே படித்தாள்.

"நீங்களாப்பா இல்லைன்னு சொன்னீங்க?"

"வீட்ல ஆளுக இருந்தாங்க."

அதற்குப் பிறகு அவள் அதைக் கேட்கவில்லை. பத்திரிகையில் 'ஊக்கமருந்து சோதனை: போடி வீராங்கனைக்குத் தடை' என்று வந்தது. "ராக்கையா தோட்டத்துல காய்க்கும் மருந்து, புள்ளைக்கும் மருந்து" என்று டீக்கடையில் சிரித்தார்கள். முத்துக்கண்ணன் வந்து என்ன விஷயம் என்று கேட்டார். "எங்க வீட்டுப் பிள்ளைக்கு விளக்கம் சொல்ற வழக்கம் எங்களுக்கு இல்லை" என்று ராக்கையா எழுந்துகொண்டார். சம்பந்தம் முறிந்தது. அருணா மட்டும் காலை ஐந்து மணிக்கு எழுந்து குரங்கணி ரோட்டில் ஓடிக்கொண்டிருந்தாள், யாரும் நேரம் பார்க்காமல்.

இப்போது அந்த முத்துக்கண்ணன்தான் சாட்சி. வீட்டார் தவிர அன்று அவளைப் பார்த்த வேறு ஆள் கிடையாது.

ராக்கையா தேவாரத்துக்கு பஸ்ஸில் போனார். முந்தின நாள் யானை இறங்கி மிதித்த தென்னங்கன்றுகளை முத்துக்கண்ணன் பிடுங்கிப் போட்டுக்கொண்டிருந்தார். உட்காரச் சொல்லவில்லை. ராக்கையா நின்றபடியே விஷயத்தைச் சொன்னார்.

"ஏண்ணே, அன்னைக்கு நான் படியேறி வந்து கேட்டேன். இதே வார்த்தையை அன்னைக்குச் சொல்லியிருந்தா எம் மகனுக்கு நான் வேற எடம் பாத்திருப்பேனா?"

"சொல்லலை."

"வாக்காளர் லிஸ்ட்டுன்னீங்க. நானும் எங்க வீட்ல நாலு ஓட்டு விட்டுப்போச்சுன்னு கேக்கலாம்னு எந்திரிச்சேன்!"

முத்துக்கண்ணனின் மனைவி சந்திரவல்லி வெளியே வந்தாள். உள்ளே புது மருமகள் இருந்ததால் குரலைத் தணித்துக்கொண்டாள்.

"ஆறே காலுக்கு நான்தான் அந்தப் புள்ள தலையில பூ வச்சேன். போட்டோ எல்லாம் போன்ல கெடக்கு, மணியோட. பேப்பரைக் கொண்டாங்க, எழுதித் தர்றேன்."

"இரு" என்றார் முத்துக்கண்ணன். "மொதல்ல அண்ணன் எழுதட்டும். ஆபீசருக கிட்டயும் என்கிட்டயும் பொய் சொன்னேன்னு, கைப்பட. அது என்கிட்ட இருக்கட்டும். நாளைக்கு எங்க மேல தப்புன்னு ஒருத்தனும் பேசக் கூடாது."

சந்திரவல்லி புருஷனை முறைத்தாள். ராக்கையா சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தார். எழுதுவதற்காகத்தான் உட்கார்ந்தார். எழுதி, தகப்பனார் பெயரோடு சேர்த்துக் கையெழுத்துப் போட்டு, தேதியும் போட்டார். முத்துக்கண்ணன் அதைப் போனில் படம் எடுத்தார். அதன்பிறகே சந்திரவல்லி தன் சாட்சியை எழுதித் தந்தாள்.

ராக்கையா பஸ்ஸில் போடிக்கு வந்து சேர்வதற்குள் அந்தப் படம் ஊரார் போன்களுக்கு வந்து சேர்ந்திருந்தது. மறுநாள் ஏலக் கூடத்தில் ஒரு சின்ன வியாபாரி, "ரெண்டாம் பறிப்புதானே அண்ணே? நெசமாத்தானே?" என்றபடி சாக்கைப் பிரித்துக் கையை உள்ளே விட்டான். ராக்கையா பார்த்துக்கொண்டு நின்றார். காய் நல்ல காய்தான்.

மூன்று வாரத்தில் தீர்ப்பு வந்தது. மூன்றாவது தவறு அருணாவுடையது அல்ல; தடை நீங்கியது. ஆசியப் போட்டி அதற்குள் முடிந்திருந்தது. அவளுக்கு இருபத்தைந்து முடிந்திருந்தது. சுந்தரம்மாள் போனில் அழுதார். மாயக்காள் சாமிக்கு விளக்கேற்றினாள். அருணா பெட்டி கட்டினாள்.

கிளம்புகிற அன்று, அடுத்த மூன்று மாதத்துக்கு எங்கே இருப்பாள் என்பதைப் போனில் பதிந்துகொண்டிருந்தாள். ராக்கையா அருகில் வந்து நின்றார்.

"எந்த எடம் போடுற ஆத்தா?"

"சென்னை ஹாஸ்டல்ப்பா."

"தீவாளிக்கு நம்ம வீட்டைப் போடலாமே."

அருணா நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். முகத்தில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் பதில் சொல்லியிருப்பார்.

"வேணாம்ப்பா. அங்கேயே இருந்துக்கிறேன்."

"சரி" என்றார் ராக்கையா. பெட்டியைத் தூக்கிக் கொண்டுபோய் ஆட்டோவில் வைத்தார். நல்ல கனமாக இருந்தது. ஓடுகிற ஜோடுகள் ஒன்றுவிடாமல் அதில்தான் இருந்தன.